வென்றவனுக்கு மீண்டும் ஒரு வழக்கா?

‘தோற்றவன் மன்றத்திலேயே அழுவான், வென்றவன் வீட்டுக்கு வந்து அழுவான்’ என்பது வழக்காடி நொந்த ஊரார் சொல்லும் சொல். எதிர்வழக்காளர் அரசாக இருந்துவிட்டாலோ, வென்றவன் அழும் இடம் வீடும் அன்று. வட்டாட்சியர் அலுவலகத்துத் தாழ்வாரம். கையில் சென்னை உயர் வழக்குமன்றத்தின் முத்திரையிட்ட ஆணை. எதிரே, ‘மேலிடத்திலிருந்து இன்னும் தாள் வரவில்லை’ என்னும் விடை. உயர் வழக்குமன்றத்துக்கும் மேலான அந்த ‘மேலிடம்’ எங்கே இருக்கிறது என்பதை அரசமைப்புச் சட்டத்தை எழுதியவர்களும் அறியார்!

தமிழ்நாட்டின் வடவெல்லையில் கிடக்கும் திருவள்ளூர் மாவட்டத்தை எடுத்துக்கொள்க. ம.பொ.சிவஞானம் முதலானோர் போராடியதன் பயனாய், 1960 ஏப்பிரல் முதல் நாளில் திருத்தணி ஆந்திரத்திலிருந்து மீண்டு தமிழகத்தோடு சேர்ந்தது. செங்கற்பட்டு மாவட்டமாய் இருந்த பெருநிலத்தைப் பிரித்து 1997இல் திருவள்ளூர் தனி மாவட்டமாக்கப்பட்டது. எல்லைக்கு அப்பால் போகாமல் மக்கள் காத்த அந்த மண், எல்லைக்கு உள்ளேயே கைமாறியது. சிப்காட்டு எனப்படும் தொழில் முன்னேற்றக் கழகம் 1971இல் தோன்றியது; கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையாயிற்று; பிற்காலத்தில் தேர்வாய்கண்டிகையில் ஆயிரம் ஏக்கருக்கு மேற்பட்ட மேய்க்கால் நிலமும் ஆலைகளுக்கென வளைக்கப்பட்டது. ஆடுமாடு மேய்ந்த இடத்தில் மதில் எழுந்தது. மதிலுக்கு வெளியே நின்றவர்கள் என்ன செய்வார்கள்? வழக்குமன்றம் போனார்கள். நிலத்துக்கு உரிய விலை கேட்டு உழவர், நிலுவைக் கூலி கேட்டு ஆலைத் தொழிலாளர், குடியிருக்கும் மண்ணுக்குப் பட்டா கேட்டு இருளர், ஏரியை வளைத்தவனை வெளியேற்றக் கேட்டு ஊரார், ஓய்வூதியம் கேட்டு முதிய ஆசிரியர் என எல்லாரும் ஏறுவது கும்மிடிப்பூண்டியிலிருந்தும் திருவள்ளூரிலிருந்தும் சென்னைக்கு ஓடும் அதே புறநகர்த் தொடர்வண்டியில்தான். அரசையும் அலுவலரையும் நம்பாமல் அறத்தை நம்பிப் போகிறவர்கள் அவர்கள்.

அவர்களில் பலர் வெல்கிறார்கள் என்பதை மறைக்க வேண்டுவதில்லை. உயர் வழக்குமன்ற நடுவர்கள் பலர் ஏழையின் பக்கம் நின்று ஆணையிட்டிருக்கிறார்கள். கேடு அங்கே இல்லை. ஆணை மன்றத்தை விட்டு வெளியே வந்து அலுவலகப் படியேறும்போதுதான் அதன் கால் முறிகிறது.

நிலங்கொடுத்த உழவனின் நிலையைப் பார்க்க. அரசு கொடுத்த விலை போதாதென்று மாவட்ட வழக்குமன்றம் கூட்டிக் கொடுக்கச் சொல்கிறது. கொடுக்க வேண்டியது யார்? ஆட்சியரும், நிலத்தைப் பெற்ற கழகமும். கொடுப்பதில்லை. 1894ஆம் ஆண்டின் நிலக் கையகப்படுத்தல் சட்டமும் சரி, அதன் இடத்தில் வந்த 2013ஆம் ஆண்டுச் சட்டமும் சரி, கூட்டிய தொகைக்கு முதலாண்டில் நூற்றுக்கு 9, அதற்குப் பின் நூற்றுக்கு 15 வட்டி தரவேண்டும் என்கின்றன. அலுவலர் ஒருவர் கோப்பை ஐந்தாண்டு இழுத்தடித்தால் அந்த வட்டி யார் பணத்திலிருந்து போகிறது? சோப்பு வாங்குபவனும் கட்டும் வரிப்பணத்திலிருந்து! இழுத்தடித்த அலுவலருக்கு இழப்பு ஒன்றுமில்லை. ஆண்டு ஊதிய உயர்வு தவறாமல் ஏறுகிறது. ஈற்றில் அமீனா வந்து கோட்டாட்சியர் அலுவலகத்து நாற்காலிகளையும் உந்தையும் பறிமுதல் செய்ய முனையும்போது செய்தித்தாளில் படம் வருகிறது. உடனே ‘ஒரு திங்கள் தவணை’ கேட்கிறார்கள். அரசின் மானம் அமீனா கையிலுள்ள ஒரு துண்டுத் தாளில் தொங்குவது நாட்டுக்கு அழகா?

ஆலைத் தொழிலாளியின் நிலை இன்னும் இரங்கத்தக்கது. மூடிப்போன ஆலையின் முதலாளி தரவேண்டிய கூலியைத் தொழிலாளர் வழக்குமன்றம் கணக்கிட்டுச் சொல்லிவிடுகிறது. அதை நிலவரி நிலுவையைப் போல வாங்கித் தரும் பொறுப்பு மாவட்ட ஆட்சியருக்கு. 1947ஆம் ஆண்டுச் சட்டத்தின் 33சி பிரிவு அதற்காகவே எழுதப்பட்டது. ஏழை உழவனிடம் நிலவரி வாங்குவதில் வெள்ளையன் காலந்தொட்டுக் கைதேர்ந்த வருவாய்த் துறை, முதலாளியிடம் கூலி வாங்கும்போது மட்டும் முகவரி தெரியாமல் தவிக்கிறது! சான்று ஆட்சியர் அலுவலகத்தில் உறங்க, தொழிலாளி உயர் வழக்குமன்றம் போய், ‘ஆட்சியர் தம் கடமையைச் செய்க’ என்று இன்னோர் ஆணை பெறுகிறான். அவ்வாணையும் உறங்குகிறது. மூன்றாம் முறையாகப் படியேறுகிறான். அந்த மூன்றாம் படிக்கட்டுத்தான் ‘நீதிமன்ற அவமதிப்பு’ என்று நாளேடுகள் எழுதும் மன்ற இகழ்ச்சி வழக்கு.

இந்தப் படிக்கட்டுக்கு முன்பே அலுவலர் வெட்டி வைத்திருக்கும் குழி ஒன்று உண்டு. அதை விளங்கிக்கொள்ளாத வரையில் ஏமாற்றம் தொடரும். உயர் வழக்குமன்றத்து ஆணைகளில் மிகப் பல, ‘இவருக்குப் பட்டா கொடு’ என்று சொல்வதில்லை. ‘இவருடைய வேண்டுகையை எட்டுக் கிழமைக்குள் ஆராய்ந்து முடிவெடு’ என்றே சொல்கின்றன. எட்டுக் கிழமை போகும். எட்டுத் திங்களும் போகும். வழக்கறிஞர் மன்ற இகழ்ச்சி அறிக்கை அனுப்புவார். அன்று மாலையே கோப்புக்கு உயிர் வந்துவிடும்! ‘ஆராய்ந்தோம், கொடுப்பதற்கில்லை’ என்று நான்கு வரியில் ஒரு மறுப்பு எழுதப்படும். மன்றத்தில் அரசு வழக்கறிஞர் எழுந்து, ‘ஆணை நிறைவேற்றப்பட்டுவிட்டது’ என்பார். மறுப்பு தவறென்றால்? அதை இகழ்ச்சி வழக்கில் ஆராய முடியாது. அது புதிய வழக்குக்குரிய புதிய கரணியம். உச்ச நீதிமன்றம் எனப்படும் தில்லித் தலைமை வழக்குமன்றம் 1996இல் இவ்வாறே தீர்ப்புரைத்துள்ளது. ஆகவே முதலிலிருந்து தொடங்க வேண்டும்: புதிய முறையீடு, புதிய கட்டணம், புதிய தவணை. இடையில் வட்டாட்சியர் மாறியிருப்பார்; முறையீட்டாளன் அகவை முதிர்ந்திருப்பான். செக்குமாடாவது சுற்றி முடித்தால் எண்ணெய் வடியும். இவன் சுற்றுக்கு வடிவது இவன் வியர்வை மட்டுமே.

சரி, இகழ்ச்சி வழக்கே நேராக நடந்துவிட்டது எனக் கொள்வோர், சட்டத்தைப் படித்துப் பார்க்க வேண்டும். ‘மன்றத்தை இகழ்தல்’ என்னும் எண்ணமே ஆங்கில மன்னனின் அவையிலிருந்து இறக்குமதியான சரக்கு. மன்னனே நடுவன் என்பதால், ஆணையை மீறுதல் மன்னனின் முகத்தில் அறைதலாகக் கருதப்பட்டது. ஆகவே அதன் பார்வையில் புண்பட்டது மன்னனின் மாண்பு. வயிறு காய்ந்தவனின் உரிமை அன்று. அந்த வேர் இன்னும் அறவில்லை. இகழ்ச்சி வழக்கு மன்றத்துக்கும் மீறியவனுக்கும் இடைப்பட்ட செய்தி. முறையீட்டாளன் சேதி சொல்ல வந்தவன் மட்டுமே என்று மன்றங்களே பன்முறை சொல்லியுள்ளன. நிலம் இவனுடையது, பசி இவனுடையது. வழக்கு மட்டும் இவனுடையது அன்றாம்!

தமிழ் மரபில் இச்சிக்கல் வேறு வகையாய்த் தீர்க்கப்பட்டது. கன்றை இழந்த மாடு ஆராய்ச்சி மணியை அடித்தபோது, தன் அவையின் மாண்பு குலைந்ததா என்று சோழன் ஆராயவில்லை. மாட்டின் இழப்பை ஆராய்ந்தான். தவறு தன் கையால் நேர்ந்ததென்று கண்ட பாண்டியன் அந்தக் கையையே குறைத்துப் பொற்கைப் பாண்டியன் ஆனான். இன்றைய அலுவலரிடம் கையைக் குறைத்துக்கொள்ளக் கேட்பார் இல்லை. அந்தக் கையால் ஒரு கையெழுத்துப் போடவே கேட்கிறார்கள்.

இப்போதுள்ள சட்டம் 1971ஆம் ஆண்டின் மன்ற இகழ்ச்சிச் சட்டம். சிப்காட்டுக் கழகம் பிறந்த அதே ஆண்டு. கழகம் வளர்ந்து ஆயிரக்கணக்கான ஏக்கரை வளைத்துவிட்டது. சட்டத்திலுள்ள தண்டத்தொகை மட்டும் அன்று எழுதிய 2,000 உருபாவிலேயே நிற்கிறது! ஆறு திங்கள் வரை சிறையும் உண்டு. ஆனால் ஆணையை நிறைவேற்றாமை போன்ற உரிமையியல் மீறலுக்குத் தண்டத்தொகையே போதும் என்றும், அது போதாதெனக் கருதினால் மட்டுமே சிறை என்றும் 12ஆம் பிரிவே சொல்லிவிடுகிறது. மீறல் ‘வேண்டுமென்றே’ செய்ததாகவும் இருக்க வேண்டும். அலுவலர் எவர்தாம் வேண்டுமென்று செய்தார்? ‘கோப்பு காணவில்லை’, ‘தேர்தற் பணி’, ‘வெள்ளப் பணி’, ‘நான் அண்மையில்தான் மாறுதலாகி வந்தேன்’. கரணியங்களுக்குக் குறைவே இல்லை. அவை தீர்ந்துபோனால் மன்னிப்பு. ‘கட்டுப்பாடற்ற மன்னிப்பு’ என்னும் அந்த உறுதிமொழித் தாளுக்கு வார்ப்பே உண்டு. பெயரை மட்டும் மாற்றிக்கொள்ளலாம். மன்னிப்பு ஏற்கப்படும், வழக்கு முடியும், கேட்ட பட்டா வந்ததா என்பதை உசாவ எவருமில்லை.

அதே சட்டத்தின் இன்னும் இரண்டு பிரிவுகளை ஊர்தோறும் படித்துக் காட்ட வேண்டும். 20ஆம் பிரிவு: மீறல் நடந்த ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்காவிட்டால் இகழ்ச்சி வழக்கே இல்லை. ‘அடுத்த திங்கள் வா, அடுத்த திங்கள் வா’ என்று பதின்மூன்று திங்கள் அலையவிட்டால் போதும், அலுவலர் தப்பிவிடுவார். இரக்கத்தால் பொறுத்தவன் கெட்டான்! 19ஆம் பிரிவு: தண்டிக்கப்பட்டவருக்கு மேன்முறையீட்டு உரிமை உண்டு. ‘தண்டிக்க ஒன்றுமில்லை’ என்று வழக்கு தள்ளப்பட்டால் முறையீட்டாளனுக்கு அந்த உரிமை இல்லை. 2006இல் தில்லி மன்றம் இதை ஐயத்துக்கு இடமின்றி விளக்கியது. அவன் தனி இசைவு வேண்டித் தில்லிக்குப் போகலாம். கும்மிடிப்பூண்டிக் கூலியாளுக்குத் தில்லி எத்தனை நாள் கூலித் தொலைவு என்று கணக்கிட்டவர் யார்?

தண்டிக்கப்பட்டவர்களே இல்லையா என்றால், இருக்கிறார்கள். 1995இல் கருநாடக அரசின் செயலர் ஒருவருக்கு ஒரு திங்கள் சிறை. 2006இல் மராட்டியத்தின் அமைச்சர் ஒருவருக்கும் வனத்துறை முதன்மைச் செயலருக்கும் ஒரு திங்கள் சிறை. 2025 மே 9இல், உயர் வழக்குமன்ற ஆணையை மதியாமல் குண்டூர் மாவட்டத்தில் ஏழைகளின் குடிசைகளை இடித்த அலுவலர் ஒருவரைத் துணை ஆட்சியர் பதவியிலிருந்து வட்டாட்சியராக இறக்கியதோடு, ஓர் இலக்கம் உருபா தண்டமும் கட்டச் சொன்னது தலைமை வழக்குமன்றம். அதே மேத் திங்களில் சென்னையிலும் ஒன்று நடந்தது. 1983இல் எடுக்கப்பட்ட தம் நிலத்தைத் திருப்பித் தரக் கேட்ட அகவை முதிர்ந்த உடன்பிறந்தார் இருவரின் வேண்டுகையை இரண்டு திங்களில் ஆராயுமாறு 2023இல் ஆணை, ஆராயப்படவில்லை. சென்னைப் பெருநகர் வளர்ச்சிக் குழுமத்தின் உறுப்பினர் செயலராக இருந்த அன்சுல் மிசுராவுக்கு ஒரு திங்கள் சிறையும், அம்முதியோருக்கு 25,000 உருபா இழப்பீடும் என்று நடுவர் வேல்முருகன் தீர்ப்பளித்தார். மேன்முறையீட்டில் அத்தண்டனை நிறுத்தி வைக்கப்பட்டது. முப்பது ஆண்டுப் பட்டியலில் உடனே நினைவுக்கு வருவன இவ்வளவுதான், விரல் மிஞ்சுகிறது.

ஒப்புநோக்க வேறொரு நிகழ்ச்சி. 2023 ஏப்பிரலில் அலகாபாத்து உயர் வழக்குமன்றம் உத்தரப்பிரதேச நிதித்துறைச் செயலர்களைக் காவலிலேயே வைத்துவிட்டது. எந்த ஆணையை மீறியதற்கு? ஓய்வுபெற்ற நடுவர்களுக்கான ஏந்துகள் பற்றிய ஆணையை! தில்லி மன்றம் மறுநாளே குறுக்கிட்டது. 2024 சனவரி 3இல் அக்காவலாணையை நீக்கியதோடு, அரசு அலுவலரை எளிதில் மன்றத்துக்கு அழைக்கலாகாது, அழைத்தாலும் முதலில் காணொளி வழியே அழைக்க வேண்டும் என்று நெறிமுறையும் வகுத்தது. காவலில் வைத்தது மிகை என்பது மெய்யே. ஆனால் அலுவலரின் நேரம் இத்துணை அருமையானதென்றால், ஒரு தவணைக்கு ஒருநாட் கூலியை இழந்து மன்றத்து வாயிலில் நிற்பவனின் நேரத்துக்கு நெறிமுறை எங்கே?

ஆலைப் பகுதி மக்களுக்கு இன்னொரு பாடம் வேலூர்ப் பக்கத்தில் இருக்கிறது. பாலாற்றை நஞ்சாக்கிய தோல் தொழிற்கூடங்கள் பற்றி 1996 ஆகத்து 28இல் தலைமை வழக்குமன்றம் அளித்த தீர்ப்பு உலகெங்கும் எடுத்துக்காட்டப்படுவது. மாசுபடுத்தியவனே ஈடு கட்ட வேண்டும் என்னும் நெறியை இந்நாட்டுச் சட்டத்தில் ஊன்றியது. இழப்பீட்டுக் கணக்கு 2001இலும் 2009இலும் முடிவு செய்யப்பட்டது. 2025 சனவரி 30இல் அதே மன்றம் மீண்டும் உட்கார்ந்து, அத்தொகையை ஆறு கிழமைக்குள் கொடுத்து முடிக்குமாறு மாநில அரசுக்குச் சொல்ல வேண்டியதாயிற்று. தீர்ப்பு வந்த ஆண்டில் பிறந்த குழந்தைக்கு அப்போது அகவை இருபத்தெட்டு! கும்மிடிப்பூண்டிச் சுற்றுப்புறத்தார் தங்கள் கிணற்று நீருக்காக நாளை ஒரு தீர்ப்புப் பெற்றால், அது எந்தத் தலைமுறையின் வாய்க்கு எட்டும் என்று இதிலிருந்து கணித்துக்கொள்ளலாம்.

இவற்றையெல்லாம் விடக் கசப்பான செய்தி ஒன்று உண்டு. ஆணை மீறப்படுவதன் வலி தமிழ்நாட்டு அரசுக்குத் தெரியாததன்று. 1991இல் காவிரி நடுவர்மன்றம் 20,500 கோடிக் கன அடி நீர்விடச் சொன்னதைக் கருநாடகம் அவசரச் சட்டம் போட்டு மறுத்தது. 2002இல் தலைமை வழக்குமன்ற ஆணைக்குப் பின்னும் நீர்விடாமல் நின்ற கருநாடக முதலமைச்சர் எசு. எம். கிருட்டிணா, இகழ்ச்சி வழக்கு வந்ததும் மன்னிப்புக் கோரினார். மன்னிப்பு வந்தது, குறுவை வரவில்லை. 2018 பிப்பிரவரி 16இல் இறுதித் தீர்ப்பு. ஆறு கிழமைக்குள் செயல்திட்டம் வகுக்க நடுவணரசுக்கு ஆணை. ஆறு கிழமை ஓடியபின் நடுவணரசு என்ன செய்தது? தீர்ப்பிலுள்ள ‘திட்டம்’ என்னும் சொல்லுக்கு விளக்கம் கேட்டது! தமிழ்நாட்டு அரசு வெகுண்டெழுந்து நடுவண் அமைச்சரவைச் செயலர்மீது மன்ற இகழ்ச்சி வழக்குத் தொடுத்தது. தமிழகமே அதன் பின்னால் நின்றது. சூன் முதல் நாளில் காவிரி ஆணையம் அரசிதழில் வந்தது.

சொல்லுக்குப் பொருள் கேட்டுக் காலம் கடத்தினான் தில்லிக்காரன் என்று சினந்த அதே அரசின் செயலகத்தில், ‘ஆராய்க’ என்னும் சொல்லுக்கு ‘மறுக்க’ என்று பொருள்கண்டு காலம் கடத்துகிறார்கள். ஆறு கிழமை தவறியதைத் தாங்காத அரசு, ஆறாண்டு தவறியவனைப் பார்த்து, ‘கொஞ்சம் பொறு’ என்கிறது. தில்லியில் முறையீட்டாளன், சென்னையில் எதிராளி! காவிரிக்கு ஒரு ஞாயம், கும்மிடிப்பூண்டிக்கு ஒரு ஞாயமா? மாநில உரிமையைத் தில்லியிடம் கேட்கும் வாய், குடிமகனின் உரிமையைத் தன் வட்டாட்சியரிடம் கேட்டுப் பெற்றுத் தரவில்லையெனில், அந்த உரிமைக்குரலின் வலிவு பாதியாகக் குறைகிறது. எதிரிக்கு அது தெரியும்.

ஏமாற்றுக்குத் துணைநிற்கும் வேறொன்று மொழி. வென்றவன் கையிலிருக்கும் ஆணை ஆங்கிலத்தில் இருக்கிறது. அதில் ‘கொடு’ என்றிருக்கிறதா, ‘ஆராய்க’ என்றிருக்கிறதா என்பதை அவனால் படித்தறிய முடியாது. வழக்கறிஞரின் எழுத்தர் சொல்வதே வேதம், அலுவலர் சொல்வதே உரை. தமிழில் இருந்தால், ஊர்ப்பள்ளியில் எட்டாம் வகுப்புப் படிக்கும் அவன் மகள் படித்துக்காட்டி, ‘அப்பா, நாள் தவறி இருபது நாளாயிற்று’ என்று சொல்லிவிடுவாள். சென்னை உயர் வழக்குமன்றத்தில் தமிழை மொழியாக்க வேண்டுமென்று 2006 திசம்பரில் சட்டமன்றம் தீர்மானித்தது. தில்லித் தலைமை வழக்குமன்றம் 2012இல் இசையவில்லை. இராசத்தானம், உத்தரப்பிரதேசம், மத்தியப்பிரதேசம், பீகார் ஆகிய நான்கின் உயர் வழக்குமன்றங்களில் இந்திக்கு இடம் உண்டு. அரசமைப்புச் சட்டத்தின் அதே 348ஆம் பிரிவு தமிழுக்கு மட்டும் தாழிட்டுக்கொள்கிறது. ஏழரைக் கோடிப் பேர் தம் மொழியில் ஒரு தவணை நாளைப் படிக்கக்கூடாதாம்!

மறுப்புரையும் கேட்கப்படுகிறது. ‘மன்றங்கள் ஆட்சியை நடத்தத் தலைப்படுகின்றன, நிறைவேற்ற இயலாத ஆணைகளும் வருகின்றன, அலுவலர் என்ன செய்வார்?’ என்பர் சிலர். இயலாத ஆணைகள் வருவதுண்டு, அதை மறுப்பதற்கில்லை. இயலாதென்றால் தவணைக்குள் மேன்முறையீடு செய்யட்டும். அல்லது அதே மன்றத்தில் போய்க் காலம் நீட்டிக் கேட்கட்டும். சட்டம் இரண்டு வாயிலையும் திறந்தே வைத்திருக்கிறது. இவர்கள் செய்வது வேறு. இகழ்ச்சி அறிக்கை வரும்வரை உறங்கிவிட்டு, அதன்பின் காலங்கடந்த மேன்முறையீட்டைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார்கள். 2012இல் அஞ்சல் துறை 427 நாள் தாழ்த்தி வந்தபோது, கோப்பு மேசைக்கு மேசை போயிற்று என்னும் பழங்கதையை இனி ஏற்கவியலாதென்று தலைமை வழக்குமன்றம் கடிந்து திருப்பி அனுப்பியது. குடிமகன் ஒருநாள் தாழ்த்தால் மின்கட்டணத்தில் தண்டம் வாங்கும் அரசு, தன் 427 நாளுக்குப் பொறுத்தருள வேண்டுமென்று கேட்பது எந்த ஊர் நெறி?

1971ஆம் ஆண்டுச் சட்டத்தை மாற்றத் தில்லி வேண்டும். அரசமைப்பின் 348ஆம் பிரிவுக்கும் தில்லி வேண்டும். ஆனால் கோட்டையிலிருப்போர் இன்றே செய்யத்தக்கவை சில உண்டு. அவற்றுக்கு எவருடைய இசைவும் வேண்டுவதில்லை. அரசுக்கெதிராக வரும் ஒவ்வோர் ஆணையையும், அது வந்த நாள், நிறைவேற்ற வேண்டிய நாள், பொறுப்பான அலுவலரின் பதவிப்பெயர் ஆகியவற்றோடு தமிழில் எழுதி, அந்தந்த வட்டாட்சியர் அலுவலகத்துச் சுவரில் ஒட்டலாம். நாள் தவறியதால் ஏறும் நூற்றுக்குப் பதினைந்து வட்டியை, விளக்கம் கேட்டபின், தவறியவரின் ஊதியத்திலிருந்து பிடிக்கலாம். மன்னிப்புக் கேட்ட அலுவலரின் பணிப்பதிவேட்டில் அதைக் குறித்து, அடுத்த பதவி உயர்வின்போது எடுத்துப் பார்க்கலாம். ‘ஆராய்க’ என்னும் ஆணைக்கு மறுப்பெழுதும் முன் முறையீட்டாளனை அழைத்து நேரில் கேட்க வேண்டும் என்று ஓர் அரசாணை போடலாம். முதற்சுவராகக் கும்மிடிப்பூண்டி வட்டாட்சியர் அலுவலகத்தின் சுவர் இருக்கட்டும்.